இரண்டு நிறம் போதும்!

(பட்டிமன்றத் தலைப்பு: நகரத்து அன்றாட வாழ்வின் அழகை நமக்குப் பெரிதும் உணர்த்தியவை கறுப்பு வெள்ளைப் படங்களா? வண்ணப் படங்களா? 'கறுப்பு வெள்ளைப் படங்களே' என்ற அணியில் ஆற்றிய உரை)



எதிரணித் தலைவர் முடிக்கும்போது என்னைக் கையால் காட்டி ஒரு வார்த்தை சொன்னார். "பேராசிரியரைப் பாருங்கள். வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, தலை மட்டும் கறுப்பு. அவரே ஒரு கறுப்பு வெள்ளைப் படம்" என்றார். உண்மைதாங்க. ஆனா ஒரு சின்னத் திருத்தம். தலையில இருக்கிற கறுப்பு அசல் இல்லை. (சிரிப்பு) ஞாயிற்றுக்கிழமை ஞாயிற்றுக்கிழமை பூசறது. ஆக, என்கிட்ட இருக்கிற ஒரே பொய், நான் வெளியிலேர்ந்து வாங்கிப் பூசின வண்ணம்தான்! (சிரிப்பு, பலத்த கைதட்டல்)

எனக்கு முன்னால் பேசிய சகோதரி ஒரு கேள்வி கேட்டாங்க. "சாயங்கால நேரம் பூக்கடைத் தெருவுக்குப் போங்கள். கனகாம்பரம், ரோஜா, செவ்வந்தி, மரிக்கொழுந்து. இத்தனையையும் கறுப்பு வெள்ளையில் எடுத்தால் சாம்பல் மூட்டை மாதிரி இருக்காதா?" என்று கேட்டாங்க. நல்ல கேள்வி. நானே கை தட்டினேன். ஆனா சகோதரி, கூடையில ஒரு பூவை மட்டும் விட்டுட்டீங்களே! மறந்து விட்டீங்களா, எங்களுக்குப் பயந்து விட்டீங்களா? மல்லிகைப்பூம்மா, மல்லிகைப்பூ! (கைதட்டல்) பூக்கடைத் தெருவில கூட்டம் எந்தக் கூடையைச் சுத்தி நிக்குது? மல்லிகை என்ன நிறம்? வெள்ளை. அதை வைக்கிற கூந்தல் என்ன நிறம்? கறுப்பு. தமிழ்நாட்டுத் தாய்மார்கள் சினிமா பிறக்கிறதுக்கு முன்னாடியிலிருந்தே தலையில கறுப்பு வெள்ளைப் படம் ஓட்டிக்கிட்டிருக்காங்க! (சிரிப்பு, கைதட்டல்)

சரி, விளையாட்டை விடுவோம். நடுவர் அவர்களே, இன்றைய தலைப்பில் ஒரு சொல் இருக்கிறது. எதிரணியில் பேசிய மூன்று பேரும் அந்தச் சொல்லைத் தாண்டிக் குதித்துப் போய்விட்டார்கள். 'அன்றாட' என்ற சொல். நகரத்து வாழ்வின் அழகு என்று தலைப்பு வைக்கவில்லை. அன்றாட வாழ்வின் அழகு. தீபாவளி அல்ல, தேர்த் திருவிழா அல்ல. செவ்வாய்க்கிழமை! சாதாரணச் செவ்வாய்க்கிழமை! அதன் அழகு.

இந்த வேறுபாட்டைப் படிக்க நீங்கள் திரைப்படக் கல்லூரிக்குப் போக வேண்டாம். உங்கள் வீட்டு வாசலுக்கு வாருங்கள். விடியற்காலையில் வீட்டம்மா தண்ணீர் தெளிக்கிறார். ஈரம் பட்டுத் தரை கறுக்கிறது. அரிசி மாவை விரலிடுக்கில் எடுத்து வெள்ளைக் கோடு இழுக்கிறார். கோலம்! பொங்கலுக்குப் போடும்போது கலர்ப்பொடி வருகிறது, மறுக்கவில்லை. மற்ற நாளெல்லாம்? வெறும் கறுப்பு வெள்ளை. திருவிழாவுக்கு வண்ணம், அன்றாடத்துக்குக் கறுப்பு வெள்ளை என்று நம் வீட்டுப் பெண்கள் எப்போதோ தீர்ப்பு எழுதிவிட்டார்கள். நடுவர் அதை வழிமொழிந்தால் போதும்! (கைதட்டல்)

(நடுவர்: கோலத்தையே சாட்சிக் கூண்டில ஏத்திட்டீங்க. குறுக்கு விசாரணைக்கு எதிரணி தயாரா இருக்கணும்!)

தயாராக இருக்கட்டும், ஐயா. அடுத்த சாட்சியையும் கூப்பிடுகிறேன். நம் சினிமாவுக்கு வண்ணம் வந்ததே, அது வந்ததும் முதலில் எங்கே போனது? தமிழில் வெளிவந்த முதல் முழு நீள வண்ணப் படம் 1956இல் வந்த 'அலிபாபாவும் 40 திருடர்களும்'. வண்ணம் நேராக எங்கே போயிருக்கிறது பாருங்கள்! பாக்தாத்துக்கு! புதையல் குகைக்கு! தங்கமும் வைரமும் கொட்டிக் கிடக்கும் இடத்துக்கு! தப்பில்லை, அங்கே அது வேண்டும்தான். ஆனால் சென்னையில் ஒரு பழைய வீட்டில் பல குடித்தனம். மாடிப்படிக்குக் கீழே ஒரு பையன். இந்த வீட்டுக்கு ரேஷன், அந்த வீட்டுக்குக் காய்கறி என்று எல்லார் வீட்டு வேலையும் செய்து, அவர்கள் போடுவதைச் சாப்பிட்டுப் படிக்கிறான். அவனைப் பார்க்க வண்ணம் வந்ததா? வரவில்லை. 1968இல் கே.பாலசந்தரின் 'எதிர் நீச்சல்' அவனைப் பார்க்க வந்தது. நாகேஷ் நடித்த மாது. மாடிப்படி மாது! படம் கறுப்பு வெள்ளை. புதையல் குகையை வண்ணம் பார்த்துக் கொண்டது. மாடிப்படியின் கீழே கறுப்பு வெள்ளைதான் குனிந்து பார்த்தது. (கைதட்டல்)

உலகத்திலும் அப்படித்தான். 1927இல் ஜெர்மனியில் வால்டர் ருட்மன் என்பவர் ஒரு படம் எடுத்தார். பெர்லின் நகரந்தான் படம். கதாநாயகன் இல்லை, வில்லன் இல்லை, காதல் இல்லை. விடிகாலையில் ஒரு ரயில் ஊருக்குள் வருகிறது. ஆளில்லாத தெரு. கதவுகள் திறக்கின்றன. வேலைக்குப் போகும் கால்கள் ஒன்று, இரண்டு, பத்து, நூறு என்று பெருகுகின்றன. மத்தியானம் எல்லாரும் சாப்பிடுகிறார்கள். ராத்திரி விளக்கு எரிகிறது. அவ்வளவுதான் படம்! ஒரு நாள்தான் கதாநாயகன். ஒரு சாதாரண நாளுக்கு ஒரு முழுப் படத்தின் மரியாதை உண்டு என்று முதலில் துணிந்து சொன்ன படங்களில் அது ஒன்று.

இப்போது எதிரணியின் பெரிய வாதத்துக்கு வருகிறேன். "உலகம் வண்ணமாக இருக்கிறது. வண்ணத்தை எடுத்துவிட்டுக் காட்டினால் அது பாதி உலகம்தானே?" என்று கேட்டார்கள். நியாயமான கேள்விதான். பதில் சொல்கிறேன்.

கறுப்பு வெள்ளையில் ஒரு வேடிக்கை நடக்கும். ஒரு சிவப்புப் புடவையும் ஒரு பச்சைப் புடவையும் பக்கத்தில் பக்கத்தில் நின்றால், படத்தில் இரண்டும் ஒரே சாம்பல் நிறமாக வந்துவிடலாம். எது மூவாயிரம் ரூபாய்ப் பட்டு, எது முந்நூறு ரூபாய் நூல் புடவை என்று சட்டெனத் தெரியாது. (சிரிப்பு) சிரிக்காதீங்க, கல்யாண வீட்டில எத்தனை மனஸ்தாபம் மிச்சம் தெரியுமா! (பலத்த சிரிப்பு) அப்போது ஒளிப்பதிவாளர் என்ன செய்வார்? நிறத்தை நம்ப முடியாது. ஆகவே ஒளியை நம்புவார். இந்த முகத்தில் கொஞ்சம் வெளிச்சம், அந்தச் சுவரில் கொஞ்சம் நிழல் என்று பிரித்துப் பிரித்து வைப்பார். அப்போது நம் கண் எங்கே போகும்? புடவையை விட்டுவிட்டு முகத்துக்குப் போகும். கைக்குப் போகும். கண்ணுக்குப் போகும். வண்ணம் பொருளின் விலையைச் சொல்லும், ஐயா. கறுப்பு வெள்ளை மனிதரின் மதிப்பைச் சொல்லும். பாதி உலகம் என்கிறீர்களே, எந்தப் பாதி போச்சு, எந்தப் பாதி நின்னுச்சு என்று பாருங்கள்! (கைதட்டல்)

உதாரணம் சொல்கிறேன். 1948இல் இத்தாலியில் வித்தோரியோ தெ சிகா எடுத்த 'சைக்கிள் திருடர்கள்'. போர் முடிந்த ரோம் நகரம். வேலையில்லாத் திண்டாட்டம். ஒருவனுக்குச் சுவரொட்டி ஒட்டும் வேலை கிடைக்கிறது. ஆனால் சைக்கிள் இருந்தால்தான் வேலை. அவன் சைக்கிளோ அடகுக் கடையில். மனைவி என்ன செய்கிறாள்? கட்டிலில் விரித்திருக்கும் விரிப்பைச் சரக்கென்று உருவுகிறாள். கல்யாணச் சீர்வரிசையில் வந்த படுக்கை விரிப்புகளைத் துவைத்து மடித்து மூட்டையாகக் கட்டி அடகு வைத்து, சைக்கிளை மீட்கிறாள்.

இது ரோம் நகரத்துக் கதையா, நம் தெருக் கதையா? தாலிக்கொடியைக் கழற்றிக் கொடுத்து ஆட்டோ வாங்கிக் கொடுத்த தாய்மார்கள் இந்த அரங்கத்திலேயே இருப்பீர்கள். (கைதட்டல்) அந்தப் படத்தில் அதற்கு அடுத்த காட்சிதான் என் சாட்சி. கடைக்காரன் அந்த மூட்டையை எடுத்துக்கொண்டு உள்ளே போகிறான். அலமாரி. அதன் மேல் அலமாரி. கூரை வரைக்கும் அலமாரி. ஏணி மாதிரி ஏறிக்கொண்டே போகிறான். அத்தனையிலும் இதே மாதிரித் துணி மூட்டைகள். ஊரில் எத்தனை வீட்டுக் கட்டில் வெறும் கட்டிலாகக் கிடக்கிறது என்று ஒரு வார்த்தை இல்லாமல் சொல்லிவிட்டார். வண்ணத்தில் எடுத்திருந்தால் நீலப் பூப்போட்ட விரிப்பு, மஞ்சள் கோடு போட்ட விரிப்பு என்று தனித்தனியாகப் பார்த்திருப்போம். கறுப்பு வெள்ளையில் எல்லாம் ஒரே மூட்டை. ஒரு ஊரின் மானம் மொத்தமும் மடித்து அடுக்கி வைத்த மாதிரி இருக்கிறது. அதில் சோகம் இருக்கிறது. ஆனால் மடிப்பு இருக்கிறதே, அதில் ஒழுங்கும் இருக்கிறது. அடகு வைக்கப் போகிற துணியையும் துவைத்து மடித்துக் கொண்டுபோகும் ஏழை வீட்டு ஒழுங்கு! அதை அழகு என்று சொல்லாமல் வேறு எதைச் சொல்வது?

இந்தப் படத்தை 1950இல் லண்டனில் ஒருவர் பார்த்தார். கல்கத்தாவில் விளம்பர நிறுவனத்தில் வேலை பார்த்தவர். அலுவலக வேலையாகப் போன இடத்தில் பார்த்தார். பார்த்துவிட்டு, ஸ்டுடியோ பகட்டு இல்லாமல், பிரபல நட்சத்திரம் இல்லாமல் நானும் படம் எடுப்பேன் என்று உறுதியோடு ஊர் திரும்பினார். அவர்தான் சத்யஜித் ராய். (கைதட்டல்)

ராயின் 'பதேர் பாஞ்சாலி' கிராமத்துக் கதை, எல்லாருக்கும் தெரியும். நான் அவர் நகரத்துக்கு வந்த கதையைச் சொல்கிறேன். 1956இல் 'அபராஜிதோ' எடுக்கிறார். காசியில் ஒரு பழைய வீட்டு முற்றம் வேண்டும். அதைக் கல்கத்தா ஸ்டுடியோவுக்குள் கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா அமைத்துக் கொடுக்கிறார். ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ராவுக்குக் கவலை. நம் பழைய வீட்டு முற்றத்து வெளிச்சம் எப்படி இருக்கும்? நேர் வெயில் விழாது. வானத்திலிருந்து இறங்கி, சுவரில் பட்டு, மெத்தென்று பரவும். நிழல் அழுத்தமாக விழாது. ஸ்டுடியோ விளக்கைப் போட்டால் நாடக மேடை மாதிரி ஆளுக்கு நாலு நிழல் விழும். அவர் என்ன செய்தார்? முற்றத்துக்கு மேலே வெள்ளைத் துணியை விரித்துக் கட்டினார். கீழேயிருந்து விளக்கை அந்தத் துணியின் மேல் அடித்தார். துணியில் பட்டுத் திரும்பிய வெளிச்சம், வானத்து வெளிச்சமாக இறங்கியது!

அம்மா, நீங்கள் தினமும் உட்கார்ந்து அரிசி புடைக்கிற முற்றம். காய் நறுக்குகிற முற்றம். அங்கே விழுகிற வெளிச்சத்தைப் பற்றி நாம் என்றைக்காவது கவலைப்பட்டதுண்டா? அந்த வெளிச்சம் பொய்யாகிவிடக்கூடாது என்று ஒரு மனிதர் துணி கட்டி மெனக்கெட்டிருக்கிறார். கறுப்பு வெள்ளை என்றால் ஏதோ இல்லாமை என்று நினைக்காதீர்கள். அது வெளிச்சத்துக்குக் கொடுத்த மரியாதை! (கைதட்டல்)

அடுத்து 1959. 'அபுர் சன்சார்'. அபு கல்கத்தாவில் வாடகை பாக்கி வைத்துக்கொண்டு மொட்டை மாடி ஓரத்து அறையில் இருக்கும் ஏழை. கீழே ரயில் பாதை. எந்நேரமும் விசில், புகை. எதிர்பாராமல் கல்யாணம் ஆகி, வசதியான வீட்டுப் பெண்ணை அந்த அறைக்கு அழைத்து வருகிறான். ஷர்மிளா தாகூருக்கு அதுதான் முதல் படம். அந்தப் பெண் படியேறி வந்து அறையைப் பார்க்கிறாள். சன்னலில் ஒரு கிழிந்த திரை. அதைப் பிடித்துக்கொண்டு அழுகிறாள். பேச்சில்லை. திரையில் இருக்கும் கிழிசல் வழியாக அவள் கண் தெரிகிறது. கீழே ஒரு தாயும் குழந்தையும் விளையாடிக் கொண்டிருக்கிறார்கள். அழுத கண் அதைப் பார்க்கிறது. அழுகை நிற்கிறது.

கொஞ்ச நாள் கழித்து அதே சன்னலைக் காட்டுகிறார். புதுத் திரை. பக்கத்தில் ஒரு செடித் தொட்டி. வீடு மாறவில்லை, சம்பளம் உயரவில்லை, ரயில் விசில் நிற்கவில்லை. ஒரு முழத் துணியும் ஒரு தொட்டியும் வந்திருக்கிறது. ஒரு காலைப் பொழுது. அவள் முன்னதாக எழுந்து கரி அடுப்புப் பற்றவைக்கப் போய்விட்டாள். படுக்கையில் ஒரு கொண்டை ஊசி கிடக்கிறது. அபு அதைக் கையில் எடுத்துப் பார்க்கிறான். சிகரெட் பெட்டியைத் திறக்கிறான். உள்ளே ஒரு சீட்டு. குறைத்துக்கொள்வதாகக் கொடுத்த வாக்கை நினைவுபடுத்தி மனைவி எழுதி வைத்திருக்கிறாள்! (சிரிப்பு) இங்கேயும் அப்படி எழுதி வைக்கிறவங்க உண்டு. ஆனா நம்ம வீட்டுச் சீட்டுல வாசகம் கொஞ்சம் காரமா இருக்கும்! (பலத்த சிரிப்பு)

ஒரு கொண்டை ஊசி, ஒரு துண்டுச் சீட்டு, ஒரு சன்னல் திரை. இதை வைத்துக்கொண்டு உலக இலக்கியத்துக்குச் சமமான ஒரு தாம்பத்தியத்தைக் காட்டினார். சுவிட்சர்லாந்து போகவில்லை, ஐயா. மாடிப்படி ஏறினார், அவ்வளவுதான். (கைதட்டல்)

என்னிடம் படித்த மாணவன் ஒருவனைப் பற்றிச் சொல்ல வேண்டும். நன்றாகப் படிப்பான். நண்பர்கள் வீட்டுக்கெல்லாம் போவான். தன் வீட்டுக்கு மட்டும் யாரையும் கூப்பிட மாட்டான். ஒரே அறை வீடு. அம்மாவின் பழைய புடவையைக் கட்டித்தான் தடுப்பு. கல்லூரியில் இந்த 'அபுர் சன்சார்' போட்டோம். படம் முடிந்து விளக்குப் போட்ட பிறகும் பையன் எழுந்திருக்கவில்லை. மறுநாள் வராந்தாவில் என்னைப் பிடித்தான். "ஐயா, ஞாயிற்றுக்கிழமை எங்க வீட்டுக்கு வாங்க. சின்ன வீடுதான்" என்றான். போனேன். அந்த அம்மா சுண்டலும் டீயும் கொடுத்தார்கள். அந்தப் புடவைத் தடுப்பு சன்னல் காற்றில் அசைந்துகொண்டிருந்தது. பையன் அதைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், சிரித்தான். அவ்வளவுதான். ஒன்றும் பேசிக்கொள்ளவில்லை. எத்தனையோ வண்ணப் படம் பார்த்த பிள்ளை அவன். பளிங்குத் தரையும் வளைந்த மாடிப்படியும் பார்த்துப் பார்த்து, நம்ம வீடு ஒரு வீடா என்று கூசிப் போயிருந்தான். ஒரு கிழிந்த திரையைக் காட்டி அந்தக் கூச்சத்தை எடுத்துவிட்டது ஒரு கறுப்பு வெள்ளைப் படம். எங்களுக்கு இந்த வழக்கில் இதைவிடப் பெரிய ஆதாரம் வேண்டாம். (நீண்ட கைதட்டல்)

(நடுவர்: எதிரணி இப்ப கொஞ்சம் நிறம் மங்கித் தெரியறாங்க!)

இன்னும் கொஞ்சம் மங்க வைக்கிறேன், ஐயா. (சிரிப்பு) அவர்கள் ஒரு கிடுக்கிப்பிடி போட்டார்கள். "காசு இல்லாததால் கறுப்பு வெள்ளையில் எடுத்தார்கள். கலர் பிலிம் விலை அதிகம். வறுமையைப் போய் அழகு என்கிறீர்களே" என்றார்கள். கலர் பிலிம் விலை அதிகம் என்பது உண்மை. ஆனால் கணக்கைப் பாருங்கள். ராய் 1962இலேயே வண்ணத்தில் எடுத்துவிட்டார். 'காஞ்சன்ஜங்கா'. டார்ஜிலிங் மலையில், மூடுபனியில். மலைக்கு வண்ணம். மறு வருஷம் 1963இல் கல்கத்தாவுக்கு இறங்கி வந்து 'மகாநகர்' எடுக்கிறார். கறுப்பு வெள்ளை! பிறகு 1973இல் 'அஷானி சங்கேத்'. வண்ணம். வங்கப் பஞ்சத்தின் கதை. மனிதன் பட்டினியில் சாகிறான், வயல் பச்சைப் பசேலென்று இருக்கிறது. அந்தக் கொடுமையைச் சொல்லப் பச்சை தேவைப்பட்டது. 1974இல் ராஜஸ்தானில் 'சோனார் கெல்லா'. வண்ணம். அதற்குப் பிறகு, 1976இல் மறுபடி கல்கத்தாத் தெருவுக்கு வருகிறார். 'ஜன ஆரண்யா'. மறுபடியும் கறுப்பு வெள்ளை! கையில் வண்ணம் பிடிபட்ட பிறகும் கல்கத்தாத் தெருவுக்குக் கறுப்பு வெள்ளையோடு போயிருக்கிறாரே, இதையும் காசுக் கணக்கில் மட்டும் எழுத முடியுமா?

சரி, அதெல்லாம் பழைய காலம் என்பீர்கள். 2018க்கு வாருங்கள். மெக்சிகோவைச் சேர்ந்த அல்போன்சோ குவாரோன். ஹாலிவுட்டில் விண்வெளிப் படம் எடுத்து ஆஸ்கர் வாங்கியவர். காசுக்குப் பஞ்சமா? டிஜிட்டல் கேமராவில் வண்ணத்துக்குத்தான் பஞ்சமா? அவர் தன் சின்ன வயது வீட்டையும், தன்னை வளர்த்த பணிப்பெண்ணையும் நினைத்து 'ரோமா' என்ற படம் எடுக்கிறார். ரோமா என்பது மெக்சிகோ நகரத்தில் ஒரு குடியிருப்புப் பகுதியின் பெயர். படம் முழுக்கக் கறுப்பு வெள்ளை. ஒளிப்பதிவும் அவரே. 2019இல் அதற்கு மூன்று ஆஸ்கர்.

அந்தப் படம் எப்படித் தொடங்குகிறது தெரியுமா? ஓடு பதித்த தரை. அதையே காட்டிக்கொண்டிருக்கிறார். சோப்புத் தண்ணீர் அலை அலையாக வந்து தரையில் பரவுகிறது. யாரோ தரை கழுவுகிறார்கள். அந்தத் தண்ணீரில் மேலே இருக்கும் வானம் தெரிகிறது. அந்த வானத்தில், அந்தத் தரைத் தண்ணீரில், சின்னதாக ஒரு விமானம் போகிறது! நாய் அசுத்தம் பண்ணின தரை, அம்மா. அதைக் கழுவி விடுகிற தண்ணீரில் வானத்தை இறக்கிக் காட்டிவிட்டார். தரை கழுவுகிற பெண் எந்த விமானத்திலும் ஏறப் போவதில்லை. ஆனால் அவள் கை பட்ட தரையில் ஆகாயம் தெரிகிறது. நாளைக் காலையில் உங்கள் வீட்டில் யார் தரை துடைக்கிறார்களோ, அவர்களுக்கு நான் சொல்ல விரும்புவதும் அதுதான். (பலத்த கைதட்டல்)

கடைசியாக எதிரணியின் அஸ்திரம் ஒன்று பாக்கி. படித்தவர் அவர், விம் வெண்டர்ஸ் எடுத்த 1987ஆம் வருஷத்து ஜெர்மன் படத்தைச் சொன்னார். 'விங்ஸ் ஆஃப் டிசையர்'. பெர்லின் நகரத்து மேலே தேவதூதர்கள் உலவுகிறார்கள். அவர்கள் பார்க்கிற நகரம் கறுப்பு வெள்ளை. அதில் ஒரு தேவதூதன் மனிதனாகிறான். உடனே எல்லாம் வண்ணம்! "மனிதக் கண்ணுக்கு வண்ணந்தான். தீர்ந்தது வழக்கு" என்றார்.

ஐயா, படத்தை நானும் பார்த்தேன். அந்தத் தேவதூதர்கள் வேறு என்ன செய்கிறார்கள்? அதைச் சொல்லாமல் விட்டுவிட்டீர்களே! ரயிலில் உட்கார்ந்திருக்கும் சாதாரண மனிதன் பக்கத்தில் போய் நிற்கிறார்கள். அவன் மனசுக்குள் புலம்புவது அவர்கள் காதில் விழுகிறது. சம்பளக் கவலை, பிள்ளைக் கவலை, தனிமை, எல்லாம் கேட்கிறது. துவண்டவன் தோளில் மெல்லக் கை வைக்கிறார்கள். எந்த நிறத்தில்? கறுப்பு வெள்ளையில்! ஆக, மனிதன் நகரத்தைப் பார்த்தால் வண்ணம் தெரிகிறது. பக்கத்தில் இருப்பவன் மனசைக் கேட்கிறவன் பார்த்தால் கறுப்பு வெள்ளையாகத் தெரிகிறது. இன்றைக்கு நமக்கு எந்தக் கண் பற்றாக்குறையாக இருக்கிறது என்று நடுவர் முடிவு செய்யட்டும். (கைதட்டல்)

(மணி அடிக்கிறது)

முடித்துவிடுகிறேன், ஐயா. 'மகாநகர்' என்றேனே, அதை முடிக்காமல் இறங்கினால் பாவம். நடுத்தரக் குடும்பம். சின்ன வீடு. மாமனார், மாமியார், நாத்தனார், ஒரு குழந்தை. புருஷன் வங்கிச் சம்பளம் போதவில்லை. ஆரதி என்ற மருமகள் வேலைக்குப் போகிறாள். வீடு வீடாகப் போய்ப் பின்னல் இயந்திரம் விற்கும் வேலை. முதல் சம்பளத்தை வாங்கியதும் கண்ணாடிக்கு முன்னால் நின்று நோட்டையும் பார்க்கிறாள், தன்னையும் பார்க்கிறாள். கூட வேலை பார்க்கும் ஆங்கிலோ இந்தியத் தோழி அவளுக்கு ஒரு லிப்ஸ்டிக் கொடுக்கிறாள். எதிரணி நண்பர்களே, கவனியுங்கள். கறுப்பு வெள்ளைப் படத்தில் லிப்ஸ்டிக்! என்ன சிவப்பு என்று தெரியாது. ஆனால் அதைப் பூசும்போது மாதவி முகர்ஜியின் முகத்தில் வரும் பயம், ஆசை, கொஞ்சம் திருட்டுத்தனம் எல்லாம் தெரிகிறது. உதட்டின் நிறம் தெரியாத இடத்தில் மனசின் நிறம் தெரிகிறது!

பிறகு புருஷனுக்கு வேலை போகிறது. வங்கி திவால். இவள் ஒருத்தி சம்பளந்தான் வீட்டுக்கு. அந்த நேரத்தில் தோழியை அநியாயமாக வேலையை விட்டு நிறுத்துகிறார்கள். ஆரதி அதைக் கேட்கப் போய், தன் ராஜினாமாவையும் கொடுத்துவிட்டு இறங்கி வருகிறாள். கீழே புருஷன் நிற்கிறான். அவளுக்குப் பயம். அவன் திட்டவில்லை. இத்தனை பெரிய ஊரில் நம் இருவரில் ஒருவருக்காவது வேலை கிடைக்காதா என்ற நம்பிக்கையோடு, இரண்டு பேரும் சாலைக் கூட்டத்துக்குள் நடந்து போகிறார்கள். ஆயிரம் தலைகளுக்கு நடுவே அவர்கள் தலையும் கலந்துவிடுகிறது. கேமரா மேலே உயர்கிறது. ஒரு தெரு விளக்கு. அதில் இரண்டு பல்பு இருக்க வேண்டிய இடம். ஒன்றுதான் எரிகிறது. படம் முடிகிறது.

நம் வீட்டுக்கு வெளியேயும் அப்படி ஒரு விளக்குக் கம்பம் இருக்கிறது. நாம் பார்த்ததும் என்ன செய்வோம்? எரியாத பல்பைக் காட்டி மாநகராட்சியைத் திட்டுவோம். திட்ட வேண்டியதுதான். ஆனால் எரிகிற இன்னொரு பல்பு இருக்கிறதே, அதன் வெளிச்சத்தில்தான் பால்காரர் வருகிறார், ராத்திரி வேலை முடிந்து பெண் பிள்ளைகள் நடந்து வருகிறார்கள், இட்லிக் கடை அம்மா தட்டு எடுத்து வைக்கிறார். அந்த வெளிச்சத்தை யார் பார்க்கச் சொன்னது?

உங்கள் செல்போனில் ஆயிரம் வண்ணப் படம் இருக்கும். ஊட்டி இருக்கும், ஓட்டல் பிரியாணி இருக்கும், புதுக் கார் இருக்கும். அடுப்படியில் நிற்கும் அம்மா எத்தனை படத்தில் இருக்கிறார்? பேருந்துக் கூட்டத்திலிருந்து வியர்வையோடு இறங்கி வரும் அப்பா எத்தனை படத்தில் இருக்கிறார்? விழாவை எடுத்தோம், வாழ்க்கையை விட்டுவிட்டோம். இன்றைக்குப் போய்ப் பாருங்கள். சன்னலோரம் அம்மா கீரை ஆயும்போது பாதி முகத்தில் வெளிச்சம் விழும், பாதி முகத்தில் நிழல் இருக்கும். இரண்டே நிறம். அதைவிட அழகான படம் எந்த ஊரில் எடுத்தார்கள்?

ஆகவே நகரத்து அன்றாட வாழ்வின் அழகை நமக்குப் பெரிதும் உணர்த்தியவை கறுப்பு வெள்ளைப் படங்களே, கறுப்பு வெள்ளைப் படங்களே என்று நடுவர் அவர்கள் நல்ல தீர்ப்பு வழங்குவார்கள் என்ற நம்பிக்கையோடு விடைபெறுகிறேன்.

(நீண்ட கைதட்டல்)